ஒரு மணித்தியாலம் யாருடையது?

டெரி பிராட்செட் 2001இல் எழுதிய 'தீஃப் ஒஃப் டைம்' என்னும் ஆங்கில நாவலில் ஒரு மடாலயம் வருகிறது. உயர்ந்த மலைகளுக்கு நடுவே இருக்கும் அந்த மடாலயத்துத் துறவிகளுக்கு ஒரே வேலைதான்: உலகத்தில் காலம் நிலைகுலையாமல் பார்த்துக்கொள்வது. நிலவறைகளில் உருளைகள் வரிசை வரிசையாகச் சுழல்கின்றன. சில காலத்தைச் சுற்றி எடுக்கின்றன, சில அவிழ்த்து விடுகின்றன. நேரம் சும்மா கிடக்கும் ஆழ்கடல் போன்ற இடங்களிலிருந்து அதை இழுத்து, நேரம் போதாமல் தவிக்கும் நகரங்களுக்கு அனுப்புகிறார்கள். எங்கே எவ்வளவு எடுத்தோம், எங்கே எவ்வளவு கொடுத்தோம் என்ற கணக்கு ஒரு நாளும் பிசகக் கூடாது. அதற்காக இளம் துறவிகள் வருடக்கணக்கில் பயிற்சி பெறுகிறார்கள்.

கண்டியில் ஒரு பழைய புத்தகக் கடையில் இந்த நாவல் எனக்குக் கிடைத்தது. அட்டை கிழிந்திருந்ததால் மலிவு. அதில் எனக்கு மிகவும் பிடித்தவர் லூ-ட்சே என்ற கிழவர். பதவியில்லை, பட்டமில்லை, கையில் ஒரு விளக்குமாறு. மடாலயத்தைப் பெருக்குபவர் அவர். ஆனால் காலத்தின் சூட்சுமம் அவருக்குத்தான் தெரியும். அவருடைய ஞானமெல்லாம் எங்கிருந்து வந்தது தெரியுமா? நகரத்தில் வீட்டின் அறைகளை வாடகைக்கு விடும் ஒரு சாதாரணப் பெண்மணி போகிற போக்கில் சொன்ன பேச்சுகளிலிருந்து. ஓய்வு நேரத்தில் அவர் குட்டி மலைகளை வளர்க்கிறார், நாம் சாடியில் ரோசா வளர்ப்பதைப் போல. மலைநாட்டில் பிறந்த எவரும் அந்தப் பக்கத்தைச் சிரிக்காமல் கடக்க முடியாது.

ஆனால் அந்த மீன் மட்டும் முள்ளாகத் தொண்டையில் நின்றுவிட்டது. கடலின் நேரத்தை எடுத்து நகரத்துக்குக் கொடுக்கிறார்களே, அந்த மீன்களிடம் யாராவது கேட்டார்களா? கதையில் அது ஒரு வேடிக்கை. எனக்கு அது வேடிக்கையாகத் தெரியாததற்குக் காரணம், காலத்தை ஓரிடத்திலிருந்து இழுத்து இன்னோரிடத்துக்கு விடும் வேலை நம் நாட்டில் நிஜமாகவே ஒரு முறை நடந்ததுதான். அப்போது எனக்குப் பதினொரு வயது. நாங்கள் மீன்களின் பக்கம் இருந்தோம்.

1996ஆம் ஆண்டு மழை பொய்த்தது. அந்நாளில் இலங்கையின் மின்சாரத்தில் மிகப் பெரும் பங்கு நீரிலிருந்தே வந்தது. காசல்ரீ நீர்த்தேக்கத்தின் தண்ணீர் நோர்ட்டன் பிரிட்ஜிலுள்ள விமலசுரேந்திர மின்நிலையத்துக்கு இறங்கும். மவுஸ்ஸாக்கலைத் தண்ணீர் கெனியனுக்கு இறங்கும். பிறகு இரண்டும் லக்ஷபான, பொல்பிட்டிய என்று கீழே கீழே போய்க்கொண்டே ஊரெல்லாம் விளக்கேற்றும். அந்தத் தண்ணீர் வற்றிப்போனது. மவுஸ்ஸாக்கலை நன்றாக வற்றினால் அணை கட்டியபோது மூழ்கிய பழைய மஸ்கெலியா நகரத்தின் இடிபாடுகள் வெளியே தெரியும். வேடிக்கை பார்க்கவென்றே சனம் பஸ் ஏறிப் போகும். கொழும்பில் மணிக்கணக்கில் மின்வெட்டு.

அரசாங்கம் ஒரு வழி கண்டது. மே 25, சனிக்கிழமை, நாட்டின் மணிக்கூடுகளையெல்லாம் ஒரு மணித்தியாலம் முன்னால் தள்ளி வைத்தார்கள். மாலையில் வெளிச்சம் ஒரு மணித்தியாலம் கூடுதலாக இருந்தால் மக்கள் விளக்குப் போடுவது தாமதமாகும், மின்சாரம் மிஞ்சும் என்பது கணக்கு. அது நம் நாட்டுக்குப் புதிதும் அல்ல. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், 1942 முதல் 1945 வரை, இதே போல மணிக்கூட்டை முன்னால் தள்ளியிருக்கிறார்கள். கணக்கில் பிழை ஏதும் இல்லை. ஆனால் மாலையில் கூட்டிய அந்த ஒரு மணித்தியால வெளிச்சம் புதிதாக உண்டாக்கியது அல்லவே. காலையிலிருந்து எடுத்தது. காலை என்றால் யாருடைய காலை?

வாப்பாவுக்கு நோர்வூட் பக்கத்தில் ஒரு சந்தியில் சில்லறைக் கடை. கடைக்கு மேலே தோட்டம், கீழே தூரத்தில் காசல்ரீத் தண்ணீர். மின்கோபுரங்கள் தேயிலை மலைக்கு நடுவே நின்றன. பெரிய கம்பிகள் லயங்களுக்கு மேலாகப் போயின. லயத்துக்குள் போகவில்லை. எங்கள் கடையில் அதிகம் விற்றது மண்ணெண்ணெய்தான். லயத்து அக்கா ஒருத்தர் போத்தலை நீட்டியபடி வாப்பாவிடம் கேட்டது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது: "எங்க காம்பராவுல பல்ப்பே இல்ல மொதலாளி. கரண்டு மிச்சம் புடிக்க எங்க நேரத்த எதுக்கு மாத்துறாங்க?" வாப்பா பதில் சொல்லாமல் புனலை எடுத்து ஊற்றினார். அன்றைக்குக் கொஞ்சம் நிறைத்தே ஊற்றினார் என்று நினைக்கிறேன்.

மே கடைசியில் நம் பக்கத்தில் சூரியன் ஆறு மணிக்குச் சற்று முன்னால் எழும். புதிய நேரத்தில் அது ஏழுக்குச் சற்று முன்னால் என்றாகியது. எங்களுக்கு மேலே இருந்த தோட்டத்தில் பெரட்டும், எங்கள் பாடசாலை மணியும் சூரியனைப் பார்க்கவில்லை, மணிக்கூட்டைப் பார்த்தன. நாலு மணிக்கு எழும்பிய பெண்கள் அதே நாலு மணிக்குத்தான் எழும்பினார்கள். ஆனால் அது வானத்தின் கணக்கில் மூன்று மணி. பீலியில் தண்ணீர் பிடித்து, ரொட்டி தட்டி, சம்பல் அரைத்து, கைக்குழந்தையைத் துணியில் சுற்றிப் பிள்ளைக்காம்பராவில் விட்டு, கூடையோடு பெரட்டுக் களத்துக்குப் போகும்வரை ஒரு சொட்டு வெளிச்சம் இல்லை. பிள்ளைகள் தேயிலைக்கு நடுவே ஒற்றையடிப் பாதையில் இருட்டிலேயே பாடசாலைக்கு இறங்கினோம். அட்டை கடித்தது தெரியாது. வகுப்பில் உட்கார்ந்த பிறகு வெள்ளைக் காலுறையில் சிவப்புப் பொட்டைப் பார்த்துத்தான் தெரியும்.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்குப் 'பேர்' என்று பெயர். இன்றைக்கு முழுப்பேர், நேற்று அரைப்பேர் என்பார்கள். பெரட்டுக்குப் பிந்தினால், கொழுந்து குறைந்தால், அரைப்பேர். நேரத்தைப் பெயரால் எண்ணும் வேறு ஊர் எனக்குத் தெரியாது. நேரம் போனால் பேரில் பாதி போய்விடும் என்பதைச் சின்ன வயதில் வேடிக்கையான பேச்சாக எடுத்துக்கொண்டேன். ஆசிரியையாகி, ஒரு சம்பளத் துண்டைக் கையில் வாங்கிப் பார்த்தபோது அது வேடிக்கையாக இல்லை.

மாலையில் கிடைத்த வெளிச்சம்? நியாயமாகச் சொல்வதானால் அதில் நன்மை இருந்தது. உம்மா இன்றைக்கும் சொல்வார், விறகு பொறுக்கிக் காய வைக்க நேரம் கிடைத்தது அந்த வருஷம்தான் என்று. பையன்கள் ஏழு மணி வரை மைதானத்தில் கிரிக்கெட் அடித்தார்கள். ஆனால் நம் சரிவு மேற்குச் சரிவு. ஜூன் பிறந்தால் தென்மேல் பருவமழை. மத்தியானத்துக்குப் பிறகு மூட்டம் இறங்கினால் பக்கத்து லயமே தெரியாது. கொழும்பில் ஒரு மணித்தியாலம் என்றால் அது வெயில். எங்கள் பக்கத்தில் காலையின் தெளிந்த ஒரு மணித்தியாலத்தைக் கொடுத்து, மாலையின் மூட்டத்தில் ஒரு மணித்தியாலத்தை வாங்கிக்கொண்டோம். எடை சரிதான், சரக்குத்தான் வேறு. கடைக்காரர் மகளுக்கு இது புரியாமலா போகும்?

எங்கள் வீட்டில் இன்னொரு கணக்கும் ஓடியது. பள்ளிவாசல் தொழுகை நேர அட்டவணையின் ஓரத்தில் வாப்பா சிவப்புப் பேனையால் 'ஒன்று கூட்டவும்' என்று எழுதி வைத்தார். நாலரையை ஒட்டி வந்த சுபஹ் பாங்கு ஐந்தரையை ஒட்டி வந்தது. பன்னிரண்டைக் கடந்ததும் வரும் லுஹர் ஒன்றைக் கடந்து, பாடசாலையின் கடைசிப் பாடத்துக்கு நடுவே வந்தது. மஃரிபுக்கு ஏழே கால் தாண்டவேண்டும். நான் உம்மாவிடம், "தொழுகை எல்லாம் பிந்திட்டா உம்மா?" என்று கேட்டேன். உம்மா மாவு பிசைந்தபடியே சொன்னார்: "மணிக்கூட்டத்தான் மாத்தின மகள். சுபஹ மாத்த யாருக்கும் ஏலாது."

வருடங்களுக்குப் பிறகு லூ-ட்சேயைப் படித்தபோது, வாடகை வீட்டுப் பெண்மணியின் பேச்சை அந்தக் கிழவர் ஏன் ஞானமாக எடுத்துக்கொண்டார் என்று எனக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

அதே அக்டோபர் 26ஆம் திகதி அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். பாதிதான் வந்தது. மற்றப் பாதிக்கு இன்னும் ஒன்பதரை வருடங்கள் காத்திருந்தோம். அதற்குள் 'புது நேரமா பழைய நேரமா' என்று கேட்காமல் யாரும் எதற்கும் நேரம் குறிக்க முடியாத நிலை. கல்யாணத்துக்கு அழைப்புச் சொல்ல வந்தவர்கள் வாசலில் நின்று விளக்கம் சொன்னார்கள். வடக்கில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் மாற்றத்தை ஏற்காமல் பழைய நேரத்தையே வைத்திருந்தன. ஒரே சின்னத் தீவுக்குள் எல்லை தாண்டினால் மணியும் தாண்டியது. 2006 ஏப்ரல் 15ஆம் திகதி, புத்தாண்டு கழிந்த கையோடு, பழைய நேரம் திரும்பியது. கொழும்பில் வாழ்ந்த புகழ்பெற்ற அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க் அப்படித் திரும்புவதை எதிர்த்தார். எத்தனையோ உலகங்களைக் கற்பனை செய்த மனிதர். எங்கள் ஒற்றையடிப் பாதையைக் காலை ஆறு மணிக்கு அவர் கற்பனை செய்து பார்க்கவில்லை போலும்.

இத்தனைக்கும் சூரியனுக்கு எது சரியான நேரம் என்பது கடினமான கணக்கு அல்ல. பூமி ஒரு பாகை திரும்ப நாலு நிமிடம். இலங்கை நேரம் கிழக்கு 82.5 பாகைக்கு உரியது. ஹட்டன் ஏறக்குறைய 80.6 பாகையில் இருக்கிறது. ஆகவே பழைய நேரத்திலேயே நம் மணிக்கூடு சூரியனை விட ஏழு எட்டு நிமிடம் முந்தித்தான் ஓடுகிறது. 1996 மே மாதத்தில் அது ஒரு மணித்தியாலம் ஏழு நிமிடமானது. வேடிக்கை என்னவென்றால், அதே நேரத்தை இன்னொரு தேயிலை நாடு வெகு காலமாகவே வைத்திருக்கிறது. அஸ்ஸாம் தோட்டங்களில் 'பாகான் நேரம்' என்று ஒன்று உண்டு. வெள்ளைக்காரத் துரைமார் ஏற்படுத்தியது. இந்திய நேரத்தை விட ஒரு மணித்தியாலம் முந்தி. ஆனால் அஸ்ஸாம் வெகு தூரம் கிழக்கே இருக்கிறது. அங்கே சூரியனே முந்தி எழுகிறது, தொழிலாளியும் சூரியனோடு எழும்புகிறார். அங்கே பொருந்திய சட்டை இங்கே பொருந்தவில்லை. ஊரைப் பார்த்து வைத்த நேரத்துக்கும் ஊரைப் பார்க்காமல் வைத்த நேரத்துக்கும் உள்ள வித்தியாசம் இதுதான்.

ஊரைப் பார்த்து நேரம் வைப்பதை ஒரு கலையாகவே வளர்த்தவர்கள் நம் முன்னோர். அதற்கு 'இல்முல் மீக்காத்' என்று பெயர். அதைச் செய்பவர் முவக்கித். பெரிய பள்ளிவாசல்களில் பாங்கு சொல்பவர் வேறு, எப்போது சொல்வது என்று கணிப்பவர் வேறு. டமஸ்கஸ் உமையாப் பள்ளிவாசலில் பதினாலாம் நூற்றாண்டில் முவக்கித்தாக இருந்தவர் இப்னு அஷ்ஷாதிர். 1371ஐ ஒட்டி அவர் அந்தப் பள்ளிவாசலின் மினாரத்துக்குச் செய்த பெரிய சூரியக் கடிகாரம் வானியல் வரலாற்றில் பேசப்படுவது. அதே நகரத்தில் அவர் காலத்து அல்-கலீலி, அந்த ஊருக்கென்றே தொழுகை நேர அட்டவணைகளைக் கணித்தார். பிராட்செட்டின் துறவிகளைப் போல இவர்களும் பயின்று தேர்ந்தவர்கள், கணக்கில் கண்ணானவர்கள். ஆனால் ஒரு முக்கியமான வித்தியாசம். துறவிகள் காலத்தை நகர்த்தினார்கள். முவக்கித்துகள் அது போகும் வழியைக் கேட்டு நடந்தார்கள்.

இந்தக் கலையின் மலைநாட்டுப் பதிப்பை நான் படித்தது கடை வாசலில். ஒரு பொருளின் நிழல், நடுப்பகலில் இருந்த அளவோடு அதன் உயரமும் கூடும்போது அஸர். வாப்பா குடையை ஊன்றி, குச்சியால் அளந்து காட்டுவார். ஏப்ரல் முதல் வாரத்திலும் செப்டம்பர் முதல் வாரத்திலும் சூரியன் நம் தலைக்கு நேரே வரும். அன்றைக்கு உச்சிப் பொழுதில் குடைக்கு நிழலே இருக்காது. டமஸ்கஸ் முவக்கித் ஒரு நாளும் காணாத காட்சி அது! நோன்பு காலத்தில் இன்னொரு பாடம். எங்கள் பள்ளத்தாக்கில் ஐந்து மணிக்கு முன்பே சூரியன் மேற்கு மலைக்குப் பின்னால் போய்விடும். நானாவும் நானும் "சூரியன் போயிட்டு!" என்று பேரீச்சம்பழத் தட்டைப் பார்ப்போம். உம்மும்மா அசையமாட்டார். "அது மலை மறச்சது. மறையிறது வேற, அடையிறது வேற." எதிர்மலை உச்சியில் இன்னும் வெயில் நிற்பதைக் கையால் காட்டுவார். அங்கே கொழுந்து எடுக்கும் பெண்ணுக்குப் பகல், நமக்கு மட்டும் இரவாகிவிடுமா என்பது அவருடைய கேள்வி. எழுதப் படிக்கத் தெரியாத ஒரு முவக்கித்.

ஹிஜ்ரி ஆண்டைப் பற்றியும் இங்கே சொல்லத் தோன்றுகிறது. இஸ்லாத்துக்கு முந்திய அரபிகள் தங்கள் வசதிக்கு ஏற்ப மாதங்களைப் பிற்போட்டார்கள். போரிடக் கூடாத புனித மாதம் குறுக்கே வந்தால் அதைத் தள்ளி வைத்துவிட்டுப் போரிடுவார்கள். அத்தவ்பா அத்தியாயம் இந்த வழக்கத்தைக் கண்டித்துத் தடுக்கிறது. அதன் பின் ஆண்டு 354 அல்லது 355 நாள் என்று நின்றது. கூட்டல் கழித்தல் இல்லை. அதனால் ரமழான் ஏறக்குறைய 33 வருடங்களில் எல்லாப் பருவங்களையும் ஒரு சுற்றுச் சுற்றி வந்துவிடுகிறது. வட ஐரோப்பாவில் கோடை நோன்பு நீண்டு வாட்டும்போது தென்னாபிரிக்காவில் குளிர்காலக் குறும்பகல். பதினாறு பதினேழு வருடங்களில் தட்டு மாறிவிடும். நமக்குப் பகலின் நீளம் பெரிதாக மாறுவதில்லை. ஆனால் நுவரெலியாவில் சனவரி உறைபனியில் சஹருக்கு எழும்புவதும், ஆடி மழையில் எழும்புவதும் ஒன்றா? ஒரே ஊர்க்காரர் என்றென்றும் சுலபமான நோன்பையும் இன்னோர் ஊர்க்காரர் என்றென்றும் கடினமான நோன்பையும் பிடிக்கும்படி அது விடுவதில்லை. காலத்தைச் சமன் செய்யும் கலை என்று ஒன்று உண்டென்றால் எனக்குத் தெரிந்து இதுதான். யாருடைய நேரத்தையும் எடுக்காமல், பாரத்தை மட்டும் எல்லோர் தோளிலும் மாற்றி மாற்றி வைக்கிறது.

இதையெல்லாம் இப்போது எழுதக் காரணம், போன வருடம் நம் கல்லூரியில் நடந்த பெற்றோர் கூட்டம். உயர்தர மாணவியருக்கு மேலதிக வகுப்பு வேண்டும் என்பதில் யாருக்கும் மாற்றுக் கருத்து இல்லை. காலை ஆறரைக்கு வைக்கலாம், மனம் தெளிவாக இருக்கும், ஒரு மணித்தியாலம்தானே என்று நகரத்துத் தந்தை ஒருவர் சொன்னார். நல்ல எண்ணத்தோடுதான் சொன்னார். பலர் தலையசைத்தார்கள். நானும் ஏறக்குறையத் தலையசைக்கும் நிலையில்தான் இருந்தேன். அப்போது பொகவந்தலாவைப் பக்கத்திலிருந்து வந்திருந்த ஒரு தாய் பின்வரிசையில் எழுந்தார். கூட்டத்தில் பேசிப் பழகாதவர். முந்தானையைச் சரி செய்துகொண்டு விரல் மடக்கி எண்ணத் தொடங்கினார்.

"ஆறரைக்கு இங்க நிக்கணும்டா அஞ்சு மணி பஸ். பஸ்ஸுக்கு நாலரைக்கு வீட்டால எறங்கணும். அப்ப மூணரைக்கு அடுப்பு மூட்டணும். சுபஹுக்கு முந்தியே எறங்கிறதால வழியில தொழ ஏலாது. இருட்டில மகள தனிய விட ஏலாது, பஸ் வரைக்கும் நான் வாறன். நான் வந்தா சின்னவன யாரு பாக்கிற? எங்கட மூத்தவதான். அவ தையலுக்குப் போறவ, ராவு பதினொண்டுக்குத்தான் படுக்கிற." ஐந்தாவது விரலையும் மடக்கிவிட்டு நின்றார். பிறகு மெல்லக் கேட்டார்: "ஒரு மணித்தியாலம்தான் டீச்சர். அத மூத்தவகிட்டதான் எடுக்கிறோம் எண்டு அவகிட்ட யாரு சொல்ற?"

மூத்தவள் நம் பழைய மாணவி. சாதாரண தரத்தில் நல்ல பெறுபேறு. வீட்டு நிலைமையால் நின்றவள். நான்தான் அவளுக்குத் தமிழ் படிப்பித்தேன்.

மண்டபம் கொஞ்ச நேரம் பேசவில்லை. முதலில் பேசிய தந்தையே மறுபடி எழுந்து, தான் நகரத்தை மட்டும் வைத்து யோசித்ததாகச் சொன்னார். அதிபர் கரும்பலகையில் பஸ் நேரங்களை எழுதச் சொன்னார். எந்தப் பிள்ளை எந்தப் பக்கம், எத்தனை மணி பஸ், ஹோல்ட்டிலிருந்து வீட்டுக்கு எவ்வளவு நடை என்று ஒவ்வொருவராகச் சொல்லச் சொல்ல எழுதினோம். கொழும்பில் மணிக்கூட்டைத் திருப்பியவர்கள் இப்படி ஒரு பலகையை எழுதிப் பார்த்திருக்க வேண்டும். கூட்டம் லுஹர் வரை நீண்டது.

முடிவில் காலை வகுப்பு கைவிடப்பட்டது. செவ்வாயும் வியாழனும் பாடசாலை விட்டபின், சாப்பாட்டுக்கும் தொழுகைக்கும் அரை மணித்தியாலம் விட்டு, மூன்று மணி வரை வகுப்பு. ஜூன் தொடக்கம் செப்டம்பர் வரை மூட்டம் இறங்குமுன் இரண்டரைக்கே விட்டுவிடுகிறோம், அந்தக் குறையை டிசம்பர் விடுமுறையில் ஈடு செய்கிறோம். பொகவந்தலாவைப் பிள்ளைகள் வெளிச்சத்திலேயே வீடு சேர்கிறார்கள்.

இந்த ஏற்பாட்டிலும் அந்த நேரம் வானத்திலிருந்து விழவில்லை. இப்போது அது எங்கள் மூன்று ஆசிரியைகளிடமிருந்து போகிறது. என்னிடமிருந்து போவது உண்மையில் என் மாமியிடமிருந்து போகிறது. அந்த இரண்டு நாளும் என் மகனைப் பாலர் பாடசாலையிலிருந்து கூட்டிவந்து சோறூட்டுவது அவர்தான். ஆகவே சம்மதம் சொல்லுமுன் வீட்டுக்குப் போய் அவரிடம் கேட்டேன். மாமி கொஞ்சம் யோசித்துவிட்டு, சரி என்றார். ஆனால் வியாழக்கிழமை அஸருக்குப் பிறகு பக்கத்து வீட்டில் பெண்களுக்கு ஓதிக் கொடுப்பது அவருடைய வழக்கம். அதற்கு அவர் ஒரு நாளும் பிந்தியதில்லை. அதனால் வியாழன்களில் மட்டும், மூன்று மணி அடித்ததும் கரும்பலகையைக்கூட அழிக்காமல் நான் பஸ்ஸுக்கு ஓடுகிறேன். அழிப்பது மாணவியரின் முறை, பட்டியல் போட்டிருக்கிறார்கள்.